ஃபிஸ்கலைசர்: மணிலாவின் ஒரு அரசியல் சொல்

பிலிப்பைன்ஸ் செய்திகளைத் தொடர்ந்து படிப்பவர்களுக்கு ‘ஃபிஸ்கலைசர்’ என்ற சொல் அடிக்கடி எதிர்ப்படும். தேர்தலில் தோற்ற கட்சி, இனி தாங்கள் ஃபிஸ்கலைசராக இருக்கப்போவதாக அறிவிக்கும். மூத்த அரசியல்வாதி ஒருவர் இறந்தால், நாட்டின் பெரிய ஃபிஸ்கலைசர்களில் ஒருவர் போய்விட்டார் என்று அஞ்சலிக் குறிப்பு வரும். பார்க்க ஆங்கிலச் சொல் போலத்தான் இருக்கிறது. ஆனால் லண்டனில் ஒருவரிடம் இதைச் சொன்னால், வரி, பட்ஜெட் சம்பந்தப்பட்ட ஏதோ அதிகாரி என்று நினைத்துக்கொள்வார். பிலிப்பைன்ஸ் ஆங்கிலத்தில் இதற்கு வேறு பொருள். அரசு செய்வதைத் துருவித் துருவிக் கேட்டு, தப்பு கண்ட இடத்தில் ஆதாரத்தோடு அவையில் எழுந்து பேசுகிற மக்கள் பிரதிநிதிதான் அங்கே ஃபிஸ்கலைசர். நாடாளுமன்றத்தில் மட்டுமல்ல, நகர மன்றத்திலும் ஃபிஸ்கலைசர் உண்டு.

சொல்லின் வேர் லத்தீனில் இருக்கிறது. ‘ஃபிஸ்குஸ்’ என்றால் பிரம்புக்கூடை, குறிப்பாகப் பணம் போட்டு வைக்கும் கூடை. ரோமில் பேரரசர்கள் வந்த பிறகு அவர்களுடைய கருவூலத்துக்கே அது பெயராகிவிட்டது. பத்திரிகைகளின் வணிகப் பக்கத்தில் வரும் ‘ஃபிஸ்கல் டெஃபிசிட்’டும், பறிமுதலைக் குறிக்கும் ‘கான்ஃபிஸ்கேட்’ என்ற ஆங்கிலச் சொல்லும் இதே கூடையிலிருந்து வந்தவைதான். கூடைக்குச் சேரவேண்டிய பணத்துக்காக வழக்காட ஒரு வக்கீல் வேண்டுமே? ஹேட்ரியன் பேரரசர் காலத்தில் கருவூல வழக்கறிஞர் என்றே ஒரு பதவி உண்டானது. ஸ்பானிய மொழியில் ‘ஃபிஸ்கால்’ என்பது அரசருக்காக வழக்காடுபவரையும், பிறகு குற்ற வழக்கு நடத்தும் அரசு வழக்கறிஞரையும் குறித்தது அந்த வழியில்தான்.

ஸ்பெயின் பிலிப்பைன்ஸை 300 ஆண்டுகளுக்கு மேல் ஆண்டது. மணிலாவின் உயர் நீதிமன்றமான அவுதியென்சியாவில் ஃபிஸ்கால் இருந்தார். உள்ளூர் நாவில் சொல் ‘பிஸ்கல்’ ஆனது. அங்கே பேசப்படும் முக்கிய மொழியான தகாலோகின் பழைய நெடுங்கணக்கில் ஃப ஒலிக்கு எழுத்து இல்லை. ஃபிலிப்பினாஸ் பிலிப்பினாஸ் ஆனதும் இப்படித்தான். அரசு இன்று அந்தப் பதவியை ‘பிராசிக்யூட்டர்’ என்று அழைத்தாலும், கோர்ட் வராண்டாவில் பிஸ்கல்தான் இன்னும் புழங்குகிறது.

ஸ்பானியத்தில் இதற்கு ஒரு வினை வடிவமும் உண்டு, ‘ஃபிஸ்காலிசார்’. ஃபிஸ்காலின் வேலையைச் செய்வது என்பது அதன் முதல் பொருள். ஒருவருடைய செயல்களைக் குறை கண்டு விசாரணைக்கு இழுப்பது இரண்டாவது. அமெரிக்கர்கள் வந்து ஆங்கிலத்தைக் கொண்டுவந்த பிறகு, இந்த இரண்டாவது பொருள் ஆங்கில உடை போட்டுக்கொண்டு, காங்கிரஸ் என்று அங்கே அழைக்கப்படும் நாடாளுமன்றத்துக்குள் நுழைந்தது. ஆகவே ஃபிஸ்கலைசர் என்ற சொல்லுக்குள்ளேயே ஒரு வக்கீல் உட்கார்ந்திருக்கிறார். வெறுமனே எதிர்த்துக் கோஷம் போடுபவரை மணிலாவில் யாரும் அந்தப் பெயரால் அழைப்பதில்லை. கோப்பு, சட்டப்பிரிவு, எண்கள் ஆகியவற்றோடு எழுபவருக்குத்தான் அந்தப் பெயர். அரசரின் கூடையைக் காத்த வக்கீலின் பெயர், கூடையைக் கையில் வைத்திருப்பவரையே கூண்டில் ஏற்றுகிறவரின் பெயராக மாறியது சொல்லின் வரலாற்றில் ஒரு நல்ல வேடிக்கை.

சரி, இந்தச் சொல்லுக்கு ஒரு ஆளைக் காட்ட வேண்டுமென்றால் இருவரைச் சொல்லலாம். முதலாமவர் லொரென்சோ தன்யாதா. 1898-ல் பிறந்தவர், ஹார்வர்டில் சட்டம் படித்தவர். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு, ஜப்பானியரோடு ஒத்துழைத்தவர்கள் மீதான வழக்குகளை நடத்திய அரசு வழக்கறிஞர். அதாவது எழுத்துக்கு எழுத்து ஃபிஸ்கால். 1947-ல் நாடாளுமன்றத்தின் மேலவையான செனட்டுக்குள் வந்தவர் 24 ஆண்டுகள் அங்கே இருந்தார்.

1955 தேர்தலுக்குப் பிறகு செனட்டில் இருந்த 24 பேரில் 23 பேர் நாசியோனலிஸ்தா கட்சிக்காரர்கள். மிச்சம் இருந்த ஒருவர் சிட்டிசன்ஸ் கட்சியின் தன்யாதா. தேர்தல் வழக்குகளை விசாரிக்கும் செனட் தீர்ப்பாயத்தில் பெரிய கட்சி நியமிக்கும் 3 பேர், இரண்டாவது கட்சி நியமிக்கும் 3 பேர், உச்ச நீதிமன்ற நீதிபதிகள் 3 பேர் என்பது அன்றைய அரசியல் சட்டம். தன்யாதாவின் கட்சியில் அவரைத் தவிர ஆள் இல்லை. அவர் தன் பெயரை மட்டும் சொன்னார். பெரும்பான்மைக் கட்சி, காலியாக இருந்த 2 எதிரணி இடங்களிலும் தன் ஆட்களையே உட்காரவைத்தது. தன்யாதா உச்ச நீதிமன்றம் போனார். எதிரணியின் இடத்தைப் பெரும்பான்மை நிரப்ப முடியாது என்று 1957 பிப்ரவரியில் தீர்ப்பு வந்தது. அவையில் 23-க்கு 1; கோர்ட்டில் வெற்றி.

அதிபர் ஃபெர்டினாண்ட் மார்க்கோஸின் ராணுவச் சட்டக் காலத்தில் செனட்டே இல்லாமல் போனது. அப்போதும் தன்யாதா ஓயவில்லை. மார்க்கோஸ் பிறப்பித்த ஆணைகளில் பல, அரசிதழில் வெளியிடப்படாமலே நடைமுறைக்கு வந்துகொண்டிருந்தன. வெளியிடாத சட்டத்துக்கு மக்களை எப்படிக் கட்டுப்படுத்த முடியும் என்பதுதான் அவருடைய வழக்கு. வெளியிட்டால்தான் சட்டம் செல்லும் என்று உச்ச நீதிமன்றம் 1985-ல் சொன்னது, 1986-ல் உறுதி செய்தது. பிலிப்பைன்ஸ் சட்டக் கல்லூரி மாணவர்கள் இன்றும் முதலில் படிக்கும் தீர்ப்புகளில் ‘தன்யாதா எதிர் துவெரா’ ஒன்று.

இரண்டாமவர் எட்செல் லக்மான், 2025 ஜனவரி 30-ல் தம் 82-வது வயதில் காலமானவர். லூசோன் தீவின் தென்கிழக்கில், மாயோன் எரிமலை இருக்கிற அல்பாய் மாகாணத்தின் முதல் தொகுதி உறுப்பினர். வக்கீல். 1987-ல் முதல்முறை கீழவையான பிரதிநிதிகள் அவைக்குள் வந்தார். இவரை முழு ஃபிஸ்கலைசர் என்று சொல்ல எனக்குக் கொஞ்சம் தயக்கம் உண்டு. அதிபர் குளோரியா அரோயோவின் ஆட்சியில் இவர் ஆளும் அணி. நிதி ஒதுக்கீட்டுக் குழுவுக்கே தலைவராக இருந்தவர். சொல்லப்போனால் கூடை இவர் கையில்தான் இருந்தது. தொடர்ந்து 3 தவணைக்கு மேல் ஒருவர் அவையில் இருக்கக்கூடாது என்பது அங்கே விதி. இவர் விலகியிருந்த ஆண்டுகளில் முதலில் மகள், பிறகு மகன் என்று தொகுதி வீட்டுக்குள்ளேயே இருந்தது.

ஆனால் 2010-ல் அரோயோ போய் மூன்றாம் பெனிக்னோ அகினோ அதிபராக வந்ததும் லக்மான் சிறிய அணியின், அதாவது அவையின் எதிரணியின், தலைவரானார். அரோயோ ஆட்சியின் ஊழல்களை மட்டும் விசாரிக்க அகினோ அமைத்த உண்மை ஆணையத்தை எதிர்த்து வழக்குப் போட்டார். ஒரே ஒரு ஆட்சியைத் தனியாகப் பிரித்து எடுப்பது சமத்துவத்துக்கு எதிரானது என்று உச்ச நீதிமன்றம் அந்த ஆணையைத் தள்ளியது. தன் பழைய தலைவியைக் காப்பாற்றத்தான் வழக்குப் போட்டார் என்று சொன்னவர்கள் உண்டு. இருக்கலாம். அதே லக்மான், அதே அகினோ ஆதரித்த குடும்ப நல மசோதாவுக்குக் கத்தோலிக்கத் திருச்சபையின் கடும் எதிர்ப்புக்கு நடுவே முதன்மை ஆசிரியராக நின்றார். 2012 டிசம்பர் 13 அன்று அது இரண்டாம் வாசிப்பில் 113-க்கு 104 என்று தப்பிப் பிழைத்தது. அந்த மாதமே ஆட்களைக் காணாமல் ஆக்குவதைத் தனிக் குற்றமாக்கும் சட்டமும் வந்தது. அதற்குப் பின்னாலும் இவர் உழைப்பு இருந்தது. இவர் தம்பி ஹெர்மோன், தொழிலாளர் வழக்கறிஞர், 1977 மே மாதத்தில் காணாமல் போனவர். இன்றுவரை கிடைக்கவில்லை.

அதிபர் துதெர்தேயின் ஆட்சியில்தான் இவருக்கு அந்தச் சொல் நன்றாகப் பொருந்தியது. 2017 மே 23 அன்று மராவி நகரில் தீவிரவாதிகளோடு மூண்ட சண்டையை ஒட்டி, தெற்கிலுள்ள மிந்தனாவோ முழுவதும் ராணுவச் சட்டம் அறிவிக்கப்பட்டபோது, முதலில் உச்ச நீதிமன்றம் போனவர்களில் இவர் ஒருவர். நீதிமன்றம் ஜூலை 4 அன்று அரசுக்குச் சாதகமாகத் தீர்ப்பு சொன்னது. தோற்றார், ஆனால் ராணுவச் சட்டத்துக்கான காரணங்களை நீதிபதிகள் முன்னால் அரசு எடுத்து வைக்க வேண்டியிருந்தது. ஃபிஸ்கலைசரின் கூலி பெரும்பாலும் இவ்வளவுதான்.

இங்கே இன்னொரு சொல்லையும் பார்த்துவிட வேண்டும். லக்மான் வகித்த பதவியின் பெயர் ‘மைனாரிட்டி லீடர்’. இதைச் ‘சிறுபான்மைத் தலைவர்’ என்று தமிழில் எழுதினால், சிறுபான்மைச் சமூகம் ஒன்றின் தலைவர் என்றே யாரும் படிப்பார்கள். ‘எதிர்க்கட்சித் தலைவர்’ என்பதும் முழுசாகச் சரியாக வராது. அந்த அவையில் பக்கம் பிரிவது சபாநாயகர் தேர்தலில். வென்றவருக்கு வாக்களித்தவர்கள் பெரும்பான்மை அணி. மற்றவர்கள் சிறிய அணி. இரண்டாவதாக வந்தவர் சிறிய அணியின் தலைவராவது நெடுநாள் வழக்கம். 2016-ல் சபாநாயகருக்கு 250-க்கும் மேல் வாக்குகள் விழுந்தன. டெடி பாகிலாத் 8 வாக்குகளோடு இரண்டாவது, டானிலோ சுவாரெஸ் 7 வாக்குகளோடு மூன்றாவது. யாருக்கும் வாக்களிக்காத 21 பேர் சிறிய அணியில் சேர்ந்துகொண்டார்கள். கூட்டிக் கழித்துப் பார்த்தால் தலைவர் ஆனவர் சுவாரெஸ். அரசே எதிரணியையும் தேர்ந்தெடுத்துக்கொண்டது என்று லக்மானும் பாகிலாத்தும் மேலும் சிலரும் கோர்ட்டுக்குப் போனார்கள். அது அவையின் உள்விவகாரம் என்று உச்ச நீதிமன்றம் கைவிரித்தது. பதவி இல்லாமலே லக்மான் சின்ன அணி ஒன்றோடு எதிர்த்துப் பேசிக்கொண்டிருந்தார்.

ஃபிஸ்கலைசர் என்ற சொல் ஏன் தனியாகத் தேவைப்படுகிறது என்பது இங்கே புரியும். மைனாரிட்டி லீடர் ஒரு நாற்காலி. ஃபிஸ்கலைசர் ஒரு வேலை. நாற்காலியில் இருப்பவர் அந்த வேலையைச் செய்தே ஆகவேண்டும் என்று இல்லை. பட்ஜெட் விவாதத்தில் இதை நேராகப் பார்க்கலாம். ஒவ்வொரு துறையின் ஒதுக்கீட்டுக்கும் ஓர் உறுப்பினர் மேடையில் நின்று பதில் சொல்வார். கேட்பவர் ஒலிவாங்கிக்கு வந்து, ‘மாண்புமிகு உறுப்பினர் சில கேள்விகளுக்கு இடம் தருவாரா?’ என்று வழமையான வார்த்தையில் தொடங்குவார். குறுக்கு விசாரணைதான், மரியாதை மட்டும் கூடுதல். கேள்வி தீர்ந்தால், விவாதத்தை முடிக்கும் தீர்மானத்தில் சிறிய அணியும் பெரிய அணியோடு சேர்ந்துகொள்கிறது என்று அதன் சார்பில் ஒருவர் சொல்வார். அந்த வாக்கியம் எவ்வளவு சீக்கிரம் வருகிறது என்பதைப் பார்த்தாலே அங்கே ஃபிஸ்கலைசர் இருக்கிறாரா இல்லையா என்று தெரிந்துவிடும். தொகுதிக்குப் பணம் வேண்டுமே என்று வென்ற அணிக்குத் தாவுவோரே அதிகம். அப்படிப்பட்டவர்களுக்கு அங்கே ‘பலிம்பிங்’ என்று பெயர். எந்தப் பக்கம் திருப்பினாலும் ஒரு முகம் காட்டுகிற நட்சத்திரப் பழம் அது.

அப்புறம், தமிழில் என்ன சொல்வது? ஸ்பானிய வினையின் ஒரு பொருள் மேற்பார்வை என்பதால் ‘கண்காணிப்பாளர்’ என்று அகராதி வழியில் போகலாம். எனக்கு அது பிடிக்கவில்லை. அது ஒரு அலுவலகப் பதவியின் பெயர். ‘கண்காணி’ என்றாலோ தோட்டத்துக் கங்காணி நினைவுக்கு வருவார். அவர் முதலாளிக்காகத் தொழிலாளியைப் பார்ப்பவர். ஃபிஸ்கலைசர் பார்க்கும் திசை நேர் எதிர். ‘தணிக்கையாளர்’ வரவுசெலவுக்கும் சினிமாவுக்கும் போய்விட்டது. குறளில் அழகான சொல் இருக்கிறது: ‘இடிப்பாரை இல்லாத ஏமரா மன்னன்’ என்ற இடத்தில் வரும் இடிப்பார். ஆனால் அவர் மன்னன் தனக்குத் துணையாக வைத்துக்கொள்ள வேண்டிய பெரியவர், அரசனின் நன்மைக்காகக் கடிந்து சொல்பவர். தன்யாதாவை மார்க்கோஸ் துணைக்கு வைத்துக்கொள்ளவில்லை.

நான் ‘தட்டிக்கேட்பவர்’ என்றே எழுதுவேன். தட்டிக் கேட்க ஆளில்லாவிட்டால் தம்பி சண்டப்பிரசண்டன் என்று சொல்லிப் பழகிய நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை. எதிர்ப்பும் அதிகாரமின்மையும் இரண்டும் அதில் இருக்கின்றன. குறை ஒன்றுதான்: தெருச்சண்டை வாசனை. கோப்பைப் புரட்டுகிற வக்கீல் அதில் தெரியமாட்டார். அதனால் வினைக்குக் ‘கணக்குக் கேட்பது’ என்பதை வைத்துக்கொள்ளலாம். பணமும் பொறுப்பும் அதில் ஒன்றாக வருகின்றன. 1972-ல் எம்.ஜி.ஆர். கணக்குக் கேட்ட கதை தெரிந்தவர்களுக்கு அந்தச் சொற்றொடரின் கனமும் தெரியும். பழைய பிரம்புக்கூடையும் அதற்குள் அடங்கிவிடுகிறது.

ஆக, செய்தியை மொழிபெயர்ப்பவர்கள் இப்படி வைத்துக்கொள்ளலாம்: மைனாரிட்டி லீடர் என்று வந்தால் ‘அவையின் எதிரணித் தலைவர்’. ஃபிஸ்கலைசர் என்று வந்தால் ‘தட்டிக்கேட்பவர்’. பட்ஜெட் செய்தி என்றால் ‘கணக்குக் கேட்கும் உறுப்பினர்’. பிஸ்கல் என்று மட்டும் வந்தால் எச்சரிக்கை தேவை. அது அரசியல்வாதி இல்லை, கோர்ட்டில் நிற்கும் அரசு வழக்கறிஞர்.