ஐந்து பைட்டுக்காக அப்டேட்டை நிறுத்தி வைப்பவர்கள்

ஸ்கைரிம் ஸ்பெஷல் எடிஷன் என்ற கணினி கேமை விளையாடும் வாசகர் ஒருவர் கேட்டிருந்தார்: "புதுப் பதிப்பு இலவசமாக வந்தும், மாட் (ரசிகர்களே செய்து கேமில் சேர்க்கும் மாற்றம்) போடுகிறவர்களில் பலர் ஏன் 2019-இல் வந்த 1.5.97-ஐ விட மாட்டேன் என்கிறார்கள்?" சிலர் அதை ராசியான பதிப்பு என்றே நம்புகிறார்கள். ராசியும் இல்லை, மண்ணும் இல்லை. அதிலும் பிழைகள் உண்டு, ஆனால் அவை இடம் மாறாது. எங்கே இருக்கிறது என்று தெரிந்த பிழைக்கு வேலி போட்டுவிடலாம்.

வாளின் நிறத்தை மாற்றுவது, புது உடை சேர்ப்பது போன்ற மாட்களுக்குப் பெரும்பாலும் எந்தப் பதிப்பும் சரிதான். தகராறு எல்லாம் கேமின் உள்ளே கைவைக்கும் மாட்களில்தான். கேம் நம்மிடம் வரும்போது மூலநிரலாக வருவதில்லை, அதை இயந்திரக் கட்டளைகளாக மாற்றும் கம்பைலர் என்ற மென்பொருள் அரைத்துக் கொடுத்த வெறும் பைட்களாக வருகிறது. அதில் செயற்கூறுகளுக்கு, அதாவது ஒவ்வொரு வேலையையும் செய்யும் கட்டளைத் தொகுப்புகளுக்கு, பெயர் கிடையாது, தொடக்கத்திலிருந்து இத்தனையாவது பைட் என்ற முகவரி மட்டும்தான்.

எனக்குப் பிடித்த இடம் இதுதான். அடி விழும்போது ஓடும் செயற்கூறை மாட் மாற்ற நினைக்கிறது என்று வையுங்கள். நினைவகத்தில் அந்த முகவரிக்குப் போய் முதல் ஐந்து பைட்களை அழித்துவிட்டு, அங்கே ஒரு தாவல் கட்டளையை எழுதுகிறது: ஒரு பைட் 'தாவு' என்கிறது, மீதி நான்கு எவ்வளவு தூரம் என்கின்றன. நான்கு பைட்டுக்கு முன்னும் பின்னும் சுமார் 2 ஜிபி வரைதான் எட்டும், அதனால் அருகிலேயே சின்னதாக ஓர் இடம் பிடித்து, அழித்த கட்டளைகளை அங்கே பத்திரமாக வைத்துக்கொள்கிறது. கேம் ஓடிவந்து தாவுகிறது, மாட் தன் வேலையை முடிக்கிறது, எடுத்து வைத்த கட்டளைகள் ஓடுகின்றன, அப்புறம் ஆறாவது பைட்டில் கேம் எதுவுமே நடக்காததுபோல் தொடர்கிறது. திருடன் வந்து போன சுவடே இல்லை!

இப்போது கேமில் எங்கோ ஒரு வரி கூடினால்? முன்னுரையில் ஒரு பக்கம் சேர்ந்த புத்தகம் மாதிரி, பின்னால் உள்ள முகவரிகள் எல்லாம் நகர்ந்துவிடும். அதே ஐந்து பைட்கள் இப்போது வேறேதோ கட்டளையின் நடுவயிற்றில் விழும். கேம் அங்கேயே கிராஷ். இதைச் சமாளிக்க ஒவ்வொரு செயற்கூறுக்கும் மாறாத ஓர் எண் கொடுத்து, பதிப்புக்குப் பதிப்பு முகவரியைத் தேடித் தரும் 'அட்ரஸ் லைப்ரரி' வந்தது, என் கணக்கில் மாடிங் உலகின் மிக அழகான வேலை அதுதான். ஆனால் 2021 நவம்பரில் வந்த 1.6 வேறு கம்பைலர் பதிப்பில் அரைக்கப்பட்டது. சில செயற்கூறுகள் மற்றவற்றுக்குள் கரைந்து காணாமலே போயின, பழைய எண்களும் உதவவில்லை, புதுப் பட்டியலே போட வேண்டியதாயிற்று.

2024 ஏப்ரலில் வந்த அப்டேட்டால் ஃபால்அவுட் 4 என்ற இன்னொரு கேமுக்கும் இதே கதை. அந்த மாதமே வரவிருந்த 'ஃபால்அவுட் லண்டன்' என்ற மாபெரும் மாட் ஜூலைக்குத் தள்ளிப்போனது. வந்தபோதும் பழைய பதிப்புக்கு இறங்கினால்தான் ஓடியது. சம்பளமில்லாமல் உழைக்கிறவர்களிடம் கேம் நிறுவனம் முன்கூட்டியே ஒரு வார்த்தை தெளிவாகச் சொன்னால் என்ன குறைந்துவிடும்? பழைய பதிப்பையும் தேர்ந்தெடுக்கும்படி ஸ்டீம் போன்ற கேம் கடையிலேயே வைப்பதுதான் குறைந்தபட்ச மரியாதை என்பேன்.

நீங்களும் 1.5.97-இல் இருப்பதாக இருந்தால், ஸ்டீமில் 'தொடங்கும்போது மட்டும் அப்டேட்' என்று வைத்துவிட்டு, கேமை எப்போதும் எஸ்கேஎஸ்இ லோடர் (இத்தகைய மாட்களோடு கேமைத் தொடங்கிவைக்கும் கருவி) வழியாகவே திறங்கள். கேமை ஓட்டும் பழைய இஎக்ஸ்இ கோப்பின் நகல் ஒன்றும் தனியாக இருக்கட்டும், ஏனென்றால் ஏதோ ஓர் அவசரத்தில் ஸ்டீமிலேயே கேமைத் தொடங்கும் பட்டனை அழுத்தத்தான் போகிறீர்கள்.