அந்த ஜெராக்ஸ் கட்டைத் தூக்கிப் போடாதீர்கள்

"பயலக் குண்டாசுல போட்டுட்டாங்க சார். ஒரு வருசத்துக்கு வெளிய வர முடியாதாமே?"

மதுரை உயர் நீதிமன்றக் கிளையில், சட்டத்துக்குப் புறம்பாக அடைத்து வைத்தவரை விடுவிக்கக் கேட்கும் ஆட்கொணர்வு மனு போடும் வக்கீல்கள் யாரைக் கேட்டாலும் இந்த வரியைச் சொல்வார்கள். அடுத்து நாங்கள் கேட்பதும் ஒரே கேள்விதான்: "புக்லெட் எங்கம்மா?" எதற்காக அடைத்தோம் என்ற காரணங்களையும் அதற்கு ஆதாரமான ஆவணங்களின் நகல்களையும் சேர்த்துக் கொடுக்கும் கட்டுதான் புக்லெட்.

அன்று வந்த அம்மா மஞ்சள் பையிலிருந்து நான்கே நான்கு தாள்களை எடுத்து வைத்தார். மீதி? "அது வெறும் ஜெராக்ஸு சார். கருப்படிச்சுக் கெடக்கு, ஒண்ணும் படிக்க முடியல. வீட்லயே போட்டுட்டு வந்தேன்."

எனக்கு வேண்டியதே அந்தக் கருப்படித்த தாள்கள்தான். மறுநாள் கொண்டுவந்தார். ரிமாண்ட் நீட்டிப்பு உத்தரவின் ஆங்கில நகலில் 14ஆம் தேதி. அதன் தமிழாக்கத்தில் 24. இரண்டு பக்கம் தள்ளி ஒரு மருத்துவச் சான்று, ஓர் எழுத்துகூடத் தெரியவில்லை. பையன் வெளியே வந்தது இந்த இரண்டு தாள்களால்.

நாம் குண்டர் சட்டம் என்று சொல்வது 1982ஆம் ஆண்டின் தமிழ்நாடு சட்டம் 14. குண்டர்கள் மட்டுமில்லை, சாராயம், போதைப்பொருள், மணல், சைபர் குற்றம் வரை அதற்குள் வரும். இன்ஸ்பெக்டர் பரிந்துரைப்பார், மாவட்ட ஆட்சியரோ மாநகரக் காவல் ஆணையரோ உத்தரவு போடுவார். விசாரணை கிடையாது, சாட்சி கிடையாது, குறுக்கு விசாரணை கிடையாது. அதிகபட்சம் 12 மாதம் உள்ளே. செய்த குற்றத்துக்குத் தண்டனை இல்லை இது. இனிமேல் செய்துவிடுவார் என்ற கணிப்புக்காக அடைத்து வைப்பது.

இப்படி அடைக்க இடம் கொடுத்த அரசமைப்புச் சட்டம், 22(5)ஆம் பிரிவில் இரண்டு கடமைகளையும் அரசின் தலையில் வைத்தது. எதற்காகப் பிடித்தோம் என்று சீக்கிரமே சொல்ல வேண்டும். அதை எதிர்த்து முறையிட உடனே வாய்ப்புத் தர வேண்டும். புக்லெட் என்பது முதல் கடமையின் வடிவம். அதனால்தான் அதில் ஒரு தாள் படிக்க முடியாமல் இருந்தாலும் விஷயம் பெரிதாகிறது. தனக்கு எதிராக என்ன இருக்கிறது என்றே புரியாதவர் எதை வைத்து முறையிடுவார்? 1999இல் பொவனம்மாள் வழக்கு. தமிழ் மட்டுமே தெரிந்த பெண். ஆங்கிலத்தில் இருந்த ஓர் ஆவணத்துக்குத் தமிழ்ப் பிரதி தரவில்லை. அவரைக் காவலில் வைத்திருப்பது செல்லாது என்றது உச்ச நீதிமன்றம்.

"டெக்னிக்கல் பாயின்ட்ல தப்பிச்சுட்டான்" என்று டீக்கடையில் பேசுவார்கள். போலீஸ் நண்பர்களும் என்னிடம் வருத்தப்படுவதுண்டு. கோர்ட்டில் நிறுத்தி நிரூபிக்க வேண்டாம் என்று ஒரு சட்டம் சலுகை கொடுத்த பிறகு, தாளையாவது ஒழுங்காகக் கொடு என்று கேட்பது அதிகமா?

அடுத்தது காலண்டர். உத்தரவைச் சிறைக்குக் கொண்டுவந்து கொடுக்கும்போது கையெழுத்து வாங்குவார்கள். அந்தத் தேதியை, சிறையில் அவரைப் பார்க்கப் போகும்போது கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். காவலில் வைத்த 5 நாளுக்குள் காரணங்களைக் கொடுத்தாக வேண்டும். உத்தரவு போட்ட 12 நாளுக்குள் மாநில அரசு ஒப்புதல் தர வேண்டும், இல்லையென்றால் உத்தரவு நிற்காது. அடைத்து வைக்கப் போதிய காரணம் இருக்கிறதா என்று பார்க்கும் அறிவுரைக் கழகத்துக்கு 3 வாரத்துக்குள் அனுப்ப வேண்டும். காவல் தொடங்கிய 7 வாரத்துக்குள் கழகம் அறிக்கை தர வேண்டும். போதிய காரணம் இல்லை என்று கழகம் சொல்லிவிட்டால் அரசு விடுவித்தே ஆக வேண்டும்.

குடும்பங்கள் கோட்டை விடுவது முறையீட்டு மனுவில்தான். கட்சிக்காரர், கவுன்சிலர், தெரிந்த ஏட்டய்யா என்று அலைவதிலேயே முதல் இருபது நாள் போய்விடும். வெள்ளைத்தாளில் எழுதினால் போதும், கட்டணம் கிடையாது. காவலில் இருப்பவர் சிறைக் கண்காணிப்பாளர் வழியாக அனுப்பலாம், வீட்டாரும் அனுப்பலாம். உத்தரவிட்ட அதிகாரிக்கு ஒன்று, உள்துறைச் செயலருக்கு ஒன்று, அறிவுரைக் கழகத்துக்கு ஒன்று. எந்தப் பக்கம் படிக்க முடியவில்லை, எதற்குத் தமிழாக்கம் இல்லை என்று பக்க எண்ணோடு எழுதி நல்ல நகல் கேளுங்கள். முடிந்தால் முதல் 12 நாளுக்குள் அனுப்புங்கள், ஏனென்றால் அரசு ஒப்புதல் தரும்வரை உத்தரவிட்டவரே அதை ரத்து செய்யலாம். தபால் ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். பின்னால் ஒவ்வொரு நாள் தாமதத்துக்கும் அரசு கணக்குச் சொல்ல வேண்டியிருக்கும். ராஜம்மாள் வழக்கில் கோப்பு ஐந்து நாள் கிடந்ததற்கு, அமைச்சர் சுற்றுப்பயணத்தில் இருந்தார் என்று தமிழக அரசு சொன்ன காரணம் எடுபடவில்லை; காவல் ரத்தானது. மனுவே போடாதவருக்கு இந்த வழி மூடியே கிடக்கும்.

அறிவுரைக் கழகத்தில் வக்கீல் வைத்துக்கொள்ள உரிமை இல்லை. வக்கீல் அல்லாத நண்பர் ஒருவரின் உதவியைக் கேட்கலாம் என்று 1981இலேயே ஏ.கே. ராய் வழக்கில் சொல்லியாயிற்று. எத்தனை பேர் கேட்கிறார்கள்? பயந்துபோய், கேட்டதற்குத் தலையாட்டிவிட்டுத் திரும்புகிறவர்கள்தான் அதிகம். சொல்ல வேண்டியதை முன்கூட்டியே ஒரு தாளில் எழுதிக் கொடுத்து அனுப்புங்கள்.

புக்லெட்டில் இன்னொரு பத்தியையும் தேடிப் பாருங்கள். ஏற்கெனவே ரிமாண்டில் இருப்பவர்மேல் குண்டாஸ் போடும்போது, இதேபோன்ற வழக்கில் இன்னொருவருக்கு ஜாமீன் கிடைத்திருக்கிறது, இவரும் வெளியே வந்துவிடுவார் என்று எழுதுவது வழக்கம். அந்த இன்னொரு வழக்கு எது, எண் என்ன, எந்தக் கோர்ட் என்ற விவரம் இல்லாமல் போகிற போக்கில் எழுதக் கூடாது என்பது 2011இல் ரேகா வழக்கின் தீர்ப்பு. சென்னையில் போட்ட ஓர் உத்தரவை எதிர்த்துப் போன வழக்குதான் அதுவும்.

ஆட்கொணர்வு மனு அவசர வழக்கு என்று பெயர். என் அனுபவத்தில் இறுதி விசாரணைக்கு வருவதற்குள் நாலைந்து மாதம் ஓடிவிடுகிறது.

அந்த அம்மாவின் மகன் வழக்கிலும் அப்படித்தான். உத்தரவு ரத்தான அன்று சாயங்காலம் ஆட்டோ பிடித்து, புதுச்சட்டையோடு சிறை வாசலில் போய் நின்றிருக்கிறார். இருட்டியதும் போன் வந்தது: "ஏன் சார் விடல?" குண்டாஸ்தான் ரத்து, அதற்கு அடிப்படையான வழக்கில் ஜாமீன் எடுக்கவில்லை. 90 நாளில் குற்றப்பத்திரிகை வந்ததா என்று பார்த்து, வராவிட்டால் சட்டப்படியான ஜாமீன் கேட்டிருக்க வேண்டும். வேறொரு வக்கீல் பார்த்துக்கொள்வார் என்று நான் இருந்துவிட்டேன். நான் பார்ப்பேன் என்று அவர் இருந்துவிட்டார். இன்னும் பதினோரு நாள் உள்ளே இருந்தான். இப்போதெல்லாம் புக்லெட் கேட்கிற வாயாலேயே, "அந்தக் கேசுல ஜாமீன் போட்டாச்சாம்மா?" என்றும் கேட்டுவிடுகிறேன்.