அடுத்த ஃபார்ம் வரைவதற்கு முன்: டிராகன் பால் உருமாற்றங்களின் வரவு செலவு

நீளமான சண்டைத் தொடர் ஒன்றை காமிக்ஸாகவோ அனிமேஷனாகவோ தொடங்குகிறவர்களின் ஸ்கிரிப்டுகளில் திரும்பத் திரும்ப வரும் கோளாறு ஒன்று உண்டு. இருபதாவது அத்தியாயம் வருவதற்குள் நாயகனுக்கு மூன்று ஃபார்ம், அதாவது பலம் கூட்டும் உருமாற்றம், வந்துவிடும். முடியின் நிறம் மாறும், உடம்பைச் சுற்றி ஆரா என்ற ஒளி எரியும், எதிரி வாயைப் பிளப்பான். நாற்பதாவது அத்தியாயத்தில் என்ன செய்வது என்று கேட்டால், நாலாவது ஃபார்ம் என்பார்கள்.

எல்லோரும் முன்மாதிரியாகக் காட்டுவது டிராகன் பாலைத்தான். ஆனால் அகிரா தோரியாமாவின் அந்த மங்கா (ஜப்பானிய காமிக்ஸ்) 1984 முதல் 1995 வரை 519 அத்தியாயங்கள் ஓடியது. நாயகன் கோகுவின் முடி மஞ்சளாகும் சூப்பர் சயான் ஃபார்ம் முதன்முதலில் தலைகாட்டியது 317-ஆவது அத்தியாயத்தில், 1991-இல். அதுவரை உருமாற்றமே இல்லையா என்றால், இருந்தது. அதற்கு எப்போதும் ஒரு விலையும் இருந்தது.

கோகுவின் இனமான சயான்கள் மாறும் ராட்சதக் குரங்கை எடுத்துக்கொள்ளுங்கள். பலம் பத்து மடங்கு. ஆனால் முழு நிலவு வேண்டும், வால் வேண்டும், பழகாதவனுக்குப் புத்தி தப்பிவிடும். வாலை அறுத்தால் கதை முடிந்தது. ஒரே ஃபார்மில் மூன்று நிபந்தனை என்றால், எழுத்தாளருக்கு மூன்று விதமான சண்டைக் காட்சி கிடைக்கிறது. கோகுவோடு மோத வரும் சயான் இளவரசன் வெஜீட்டா செயற்கை நிலவை உருவாக்குவதும், அவனுடைய வாலை வெட்ட எல்லோரும் படாதபாடு படுவதும் இந்த நிபந்தனைகளில் பிறந்தவைதான்.

பலத்தை மடங்குகளாகப் பெருக்கும் கையோகென் உத்தி இன்னும் கறாரான கணக்கு. இரண்டு மடங்கைத் தாண்டாதே என்று கோகுவின் குரு கிங் காய் எச்சரித்து அனுப்புகிறார். கோகு வெஜீட்டாவிடம் மூன்றும் நான்கும் போகிறான். சண்டை முடிந்தபின் யாராவது மேலே தொட்டாலே அலறுகிறான். வரைகிறவர் கவனிக்க வேண்டியது, கையோகெனுக்குத் தனி முகமோ தனி முடியோ கிடையாது, சிவப்பு ஆரா மட்டும்தான். டிசைன் செலவு ஏறக்குறைய பூஜ்யம், கதைச் செலவு முழுவதும் நாயகனின் உடம்பில்.

இனி சூப்பர் சயான். அந்தக் காட்சி வேலை செய்வதற்குக் காரணம் மஞ்சள் முடி அல்ல, அதற்கு முன் போட்ட அடுக்கு. ஆயிரம் ஆண்டுக்கு ஒருவன் என்ற பழங்கதையை வெஜீட்டா வெகு முன்பே பேசத் தொடங்கிவிடுகிறான். பிறகு கைவசம் இருந்த ஆயுதங்கள் ஒவ்வொன்றாக நம் கண்முன்னே தோற்கின்றன: பத்து மடங்கு கையோகென் போதவில்லை, இருபது மடங்கு போதவில்லை, உயிர்களின் சக்தியைத் திரட்டி எறியும் ஸ்பிரிட் பாம் விழுந்தும் வில்லன் ஃப்ரீசா எழுந்து வருகிறான். அதன்பிறகுதான் கோகுவின் நண்பன் கிரில்லின் சாகிறான். அவன் ஏற்கெனவே ஒருமுறை வரம் தரும் பூமியின் டிராகனால் உயிர்பெற்றவன் என்பதால், மறுமுறை அது நடக்காது. பழங்கதை, தோல்வி, மீளாத இழப்பு என்ற இந்த வரிசையில் நடுவில் உள்ளதைத்தான் நம் ஸ்கிரிப்டுகள் விட்டுவிடுகின்றன. பழைய வழிகள் அடைபடுவதை வாசகர் பார்க்காவிட்டால் புதிய வழி வெறும் சலுகையாகத் தெரியும்.

மஞ்சள் முடிக்குப் பின்னால் மேசை வேலையின் காரணமும் உண்டு. கோகுவின் கறுப்பு முடியை மை போட்டு நிரப்புவதிலேயே உதவியாளரின் நேரம் போனது. சூப்பர் சயான் ஆனால் கறுப்பு வெள்ளைப் பக்கத்தில் முடியை வெறுமனே விட்டுவிடலாம். இதைத் தோரியாமாவே சொல்லியிருக்கிறார். வாரம் ஓர் அத்தியாயம் தருகிறவருக்கு இது சின்ன விஷயமல்ல.

எண்களின் கதை வேறு. பலத்தை எண்ணாகக் காட்டும் ஸ்கவுட்டர் கருவி முதலில் வரும்போது துப்பாக்கி ஏந்திய விவசாயியின் பவர் லெவல் 5. நமெக் கிரகத்தில் ஃப்ரீசாவின் படைத்தலைவன் கினியு 1,20,000, ஃப்ரீசா முதல் ஃபார்மிலேயே 5,30,000, இரண்டாவதில் பத்து லட்சத்துக்கு மேல். ஒன்றுக்கு ஒன்று பெரிய எண் சொல்லத் தொடங்கினால் நிறுத்த இடமே இராது. தோரியாமா நிறுத்திய விதம் பாராட்டத்தக்கது: அடுத்த கட்டத்தில் வரும் ஆண்ட்ராய்டுகளுக்கு உணரக்கூடிய 'கி', அதாவது உயிர்ச்சக்தி, கிடையாது. அளவுகோலுக்கே வேலையில்லை. சூப்பர் சயான் 50 மடங்கு, இரண்டாம் நிலை 100, மூன்றாம் நிலை 400 என்று ரசிகர்கள் சொல்லும் பெருக்கல் வாய்ப்பாடு வழிகாட்டிப் புத்தகங்களிலிருந்து வந்தது. மங்காவின் சண்டைகள் அந்த வாய்ப்பாட்டை நம்பி நடப்பதில்லை.

தொடர் எழுதுகிறவர்கள் பாடமாகவே எடுத்துப் படிக்க வேண்டிய பகுதி செல் என்ற வில்லனின் கதை. ஒரே ஃபார்மை மேலே ஏற்றாமல் பக்கவாட்டில் விரித்துக் காட்டுகிறது. எதிர்காலத்திலிருந்து வந்த வெஜீட்டாவின் மகன் ட்ரங்க்ஸ் தசையை ஊதவைத்துப் பலத்தைக் கூட்டுகிறான். அடி பலமாகத்தான் இருக்கிறது, ஆனால் ஒன்றுகூட செல் மேல் படவில்லை. உடம்பு பருத்ததும் வேகம் போய்விட்டது. கோகு அந்த வழியைப் பரிசோதித்துவிட்டு ஒதுக்குகிறான். அதற்குப் பதில் சாப்பிடும்போதும் தூங்கும்போதும் சாதாரண சூப்பர் சயானாகவே இருந்து, அந்த நிலையின் ஸ்டாமினா இழப்பைக் குறைக்கிறான். புது டிசைன் எதுவும் இல்லாமலே பெரிய முன்னேற்றம் நடந்துவிடுகிறது. கோகுவின் மகன் கோஹான் இரண்டாம் நிலைக்குப் போகும்போது அதிர்ச்சி கிடைப்பதற்கு இந்தப் பொறுமையும் ஒரு காரணம்.

அதன்பின் சரிவு. கோகுவின் இளைய மகன் ஏழு வயது கோட்டனும், நிகழ்காலத்து எட்டு வயது ட்ரங்க்ஸும் விளையாட்டுப்போல சூப்பர் சயான் ஆகிறார்கள். தோரியாமா அதை நகைச்சுவையாகத்தான் வைத்தார், வெஜீட்டாவின் முகமே அதற்குச் சாட்சி. ஆனாலும் 1991-இன் ஃபார்ம் அன்றோடு மதிப்பிழந்தது. மூன்றாம் நிலைக்கு இடுப்புவரை முடி, புருவம் இல்லை. நிழலுருவாகப் பார்த்தாலே அடையாளம் தெரியும் அருமையான டிசைன். விலையும் உண்டு: கோகு செத்தவனாக இருந்தபோது தாங்கிய உடம்பு, உயிர் வந்தபின் சக்தியைப் பிடித்துவைக்க முடியாமல் தவிக்கிறது. கடைசியில் பூ (Buu) என்ற வில்லனை முடிப்பது ஸ்பிரிட் பாம்தான்.

நிழலுருவச் சோதனையை எல்லா ஃபார்முக்கும் செய்துபாருங்கள். பாத்திரத்தை முழுக்கக் கறுப்பால் நிரப்பி, எது எந்த நிலை என்று தெரியாத ஒருவரிடம் காட்டுங்கள். சூப்பர் சயானும், முடி நீலமாகும் ப்ளூ ஃபார்மும் இதில் தோற்கும், ஏறக்குறைய ஒரே உருவம், நிறம் மட்டும் வேறு. 2013 படத்தில் வந்த சூப்பர் சயான் காட் நிலை, பருப்பதற்குப் பதில் மெலிந்து சிவந்ததால் தப்பிக்கிறது. வில்லன்களிடம் இந்தத் தந்திரம் முன்பே இருந்தது: ஃப்ரீசா பெரிதாகிப் பெரிதாகிக் கடைசியில் குட்டையாக, வழவழவென்று வந்து நிற்கிறான். அவனே நூறு சதவீதம் போய்த் தசையை ஊதவைத்தபோது உடம்பு தாங்காமல் பலம் இறங்கிக்கொண்டே போகிறது.

ப்ளூவின் உண்மையான குறை நிறமல்ல. 2015 படத்தில் கோகு அதை ஏற்கெனவே கற்றுக்கொண்டு வந்து நிற்கிறான். குரு விஸ்ஸிடம் பெற்ற பயிற்சி திரைக்கு வெளியே நடந்துவிட்டது. விலையைப் பார்க்காத வாசகர் ஃபார்மைப் பொம்மைக் கடையின் புது வண்ணமாகவே பார்ப்பார். டிராகன் பால் சூப்பர் தொடர் இதைச் சரிசெய்தது பழைய கடனைத் திரும்ப எடுத்துத்தான்: ப்ளூவின் மேல் கையோகென். பழைய உடல்வலி திரும்பி வந்ததும் ஹிட் என்ற எதிரியுடனான சண்டைக்கு உயிர் வந்தது. அல்ட்ரா இன்ஸ்டிங்க்ட் இன்னொரு வழி. முதலில் வரும்போது முடி அதே முடி, மாறுவது அசைவு. யோசிப்பதற்கு முன் உடம்பு நகர்கிறது. இங்கே வேலை ஓவியரிடமிருந்து அனிமேட்டருக்குப் போகிறது, அந்த எபிசோடுகளுக்கு நல்ல கைகள் தேவைப்பட்டதும் அதனால்தான்.

அனிமேஷன் பக்கத்து எச்சரிக்கை ஒன்று. மங்காவில் சில பக்கங்களில் முடியும் உருமாற்றம் டிவியில் நிமிடக்கணக்கில் நீள்வதற்குக் காரணம் நாடகம் மட்டுமல்ல. மங்கா முன்னால் ஓடிக்கொண்டிருக்க, அனிமே அதை முந்தக்கூடாது. நிலையான உடம்பு, சுழலும் சில ஆரா படங்கள், எழும்பும் கற்கள், அலறும் குரல்: குறைந்த படங்களில் நேரத்தை நிரப்பும் மலிவான வழி இது. நமெக் வெடிக்க ஐந்து நிமிடம் என்று ஃப்ரீசா சொன்னது சுமார் பத்து எபிசோடு ஓடியது அப்படித்தான். அந்தக் கட்டாயம் இல்லாத வெப் தொடரில் மூன்று நிமிட அலறலைக் காப்பியடிப்பதில் அர்த்தமில்லை.

ஒவ்வொரு ஃபார்முக்கும் ஒரு பக்கம் ஒதுக்கி எழுதிவையுங்கள்: எப்படி வரும், எவ்வளவு நேரம் தாங்கும், பிறகு உடம்பு என்ன ஆகும், எதிரி எப்படி முறியடிப்பான், கடைசியாக எந்த அத்தியாயத்தில் பயன்பட்டது. கடைசிக் கேள்வியைத்தான் எல்லோரும் விடுவார்கள். 2024-இல் தொடங்கிய டிராகன் பால் டைமா தொடர், பூ கதைக்குப் பிந்தைய காலத்திலேயே கோகுவுக்கு சூப்பர் சயான் 4 கொடுத்துவிட்டது. கதைக்காலப்படி அதற்குப் பிறகு வரும் 2013 படத்தில், அழிவுக் கடவுள் பீரஸ் முன்னால் கோகு மூன்றாம் நிலையோடு நின்று அடிவாங்குகிறான். நாலாவது இருந்தும் ஏன் எடுக்கவில்லை என்று ரசிகர்கள் இன்னும் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்.