லைப்ரரி ஃபைல்: நூலகமா, நிரலகமா?

"சேர், லைப்ரரி ஃபைல் எண்டா லைப்ரரியில போய் எடுக்கிற ஃபைலா?"

கல்முனையில் ஒரு கணினி வகுப்பில் பிள்ளை ஒருத்தி இப்படிக் கேட்டாள். வகுப்பு முழுக்கச் சிரித்தது. அவள் கேட்டதில் பாதி சரி என்பது சிரித்தவர்களுக்குத் தெரியாது.

லைப்ரரியின் வேர் 'லிபர்' என்ற இலத்தீன் சொல். புத்தகம் என்று பொருள். அதற்கும் முந்திய பொருள் மரத்தின் உட்பட்டை. நமக்கு இது புதிதில்லை. வைகாசிச் சடங்கில் கண்ணகி அம்மன் கோயிலில் படிப்பவரின் கையில் அச்சுப் புத்தகமே இருந்தாலும் 'ஏடு படிக்கிறார்' என்றுதான் சொல்கிறோம். நூலும் அப்படித்தான். பக்கத்து மருதமுனையில் நூல் என்றால் முதலில் நினைவுக்கு வருவது கைத்தறி. சொல் பஞ்சு, செய்யுள் இழை, புலவன் நூற்பவன் என்று நன்னூல் பாயிரம் இரண்டையும் முடிந்து வைத்திருக்கிறது.

கணினிக்கு இந்தச் சொல் வந்த கதைதான் சுவையானது. 1949இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் எட்சாக் என்ற கணினி ஓடத் தொடங்கியது. அடிக்கடி தேவைப்படும் கணிப்புகளுக்கான கட்டளைகளைக் காகித நாடாவில் துளையிட்டு அலமாரியில் அடுக்கி வைத்தார்கள். வேண்டியவர் நாடாவை எடுத்து, தன் நாடாவில் படியெடுத்துக்கொண்டு, திரும்பக் கொண்டுபோய் வைக்க வேண்டும். உண்மையிலேயே லைப்ரரிதான். அந்தப் பிள்ளை 1949இல் கேட்டிருந்தால் முழு மார்க்ஸ்.

'ஷேர்ட் லைப்ரரி' பிறகு வந்தது. படியெடுக்கும் முறையில் ஒவ்வொரு நிரலும், அதாவது புரோகிராமும், தனக்கென ஒரு பிரதியைச் சுமக்க வேண்டும். ஷேர்ட் என்றால் நினைவகத்தில் ஒரே பிரதி, பல நிரல்கள் அதையே பயன்படுத்தும். விண்டோஸில் டி.எல்.எல். என்றும் லினக்ஸில் எஸ்.ஓ. என்றும் முடியும் கோப்புகள் இவை. வகுப்பில் நான் சொல்லும் உதாரணம் கோயில் கிடாரம். கல்யாணத்துக்குச் சோறாக்க வீட்டுக்கு வீடு கிடாரம் வாங்குவதில்லை. கோயிலில் ஒன்று இருக்கும். அது ஓட்டையானால் எல்லாக் கல்யாணமும் திண்டாடும் என்பதும் உதாரணத்தில் சேர்த்திதான்.

இணையப் பக்கங்களை எழுதும் மொழி எச்.டி.எம்.எல். அந்தப் பக்கங்களை உருவாக்கும் பொதுக் கோப்புகளையும் இதே பெயரில்தான் அழைக்கிறார்கள். கறாராகப் பார்த்தால், பி.எச்.பி. என்ற நிரல்மொழியில் 'இன்க்ளூட்' என்ற கட்டளை போட்டு இழுக்கும் கோப்பு டி.எல்.எல். வகை அல்ல, ஓடும் நேரத்தில் வாசித்துச் சேர்த்துக்கொள்ளப்படுவது. ஆனால் நோக்கம் ஒன்றே. மாணவர் பெயர், சுட்டெண், புள்ளி மூன்றையும் கொடுத்தால் அட்டவணையாகக் கட்டித் தரும் ஒரு செயற்கூறு (ஃபங்ஷன்); பக்கத்தின் தலைப்பகுதிக்கு ஒன்று, அடிப்பகுதிக்கு ஒன்று. யாராவது தன் பெயரில் எச்.டி.எம்.எல். கட்டளைக்குரிய கோணக் குறி (<) போட்டு அனுப்பினால் அதைத் தீங்கில்லாத எழுத்தாக மாற்றும் வேலையையும் இங்கேயே வைத்துவிடலாம். பக்கத்துக்குப் பக்கம் கையால் எழுதினால் எங்காவது மறந்துபோகும்.

பேர்ள் என்ற நிரல்மொழியில் லிங்கன் ஸ்டைன் எழுதிய சி.ஜி.ஐ. தொகுதி ஒரு காலத்தில் இதற்குப் பேர்போனது. 2015இல் பேர்ளின் 5.22ஆம் பதிப்போடு அதை மொழியோடு கூடவே வரும் தொகுப்பிலிருந்து எடுத்துவிட்டார்கள். எச்.டி.எம்.எல்.ஐ நிரலுக்குள்ளேயே பின்னுவதைவிட டெம்ப்ளேட்டாக, அதாவது இடம் விட்டு வைத்த மாதிரிப் பக்கமாக, தனியே வைப்பது நல்லது என்ற கருத்து அதற்குள் ஊன்றிவிட்டது.

கிடார ஓட்டை எனக்கும் நேர்ந்ததுதான். ஒருநாள் பொதுத் தலைப்பகுதிக் கோப்பில் ஒரே ஒரு மூடும் குறியை விட்டுவிட்டேன். தளத்தின் எல்லாப் பக்கங்களும் இடப்பக்கம் சரிந்து கிடந்தன. திருத்தவும் ஒரே கோப்புத்தான் என்பது ஆறுதல்.

சரி, தமிழில் என்ன சொல்வது? 'நூலகம்' நேர்ப் பெயர்ப்பு. ஷேர்ட் லைப்ரரியைப் 'பொது நூலகம்' என்று எழுதிப் பாருங்கள், மட்டக்களப்புப் பிள்ளைகள் சைக்கிளை எடுத்துவிடுவார்கள். நிரல், அகம் இரண்டையும் சேர்த்த 'நிரலகம்' இந்தக் குழப்பத்தைத் தீர்க்கிறது. ஷேர்ட் என்பதற்குப் பலர் 'பகிர்' போடுகிறார்கள். எனக்கு உடன்பாடில்லை. பகிர்தல் என்றால் பங்கு பிரித்தல். கிடாரத்தை யாரும் வெட்டிப் பங்கு போடுவதில்லை. ஆகவே என் தெரிவு 'பொது நிரலகம்'. அதன் கோப்பு 'நிரலகக் கோப்பு'. பேச்சில் லைப்ரரி என்றே சொல்லிக்கொள்ளலாம், அதில் குற்றமில்லை.

இதைப் பலகையில் எழுதியதும் அதே பிள்ளை மறுபடியும் கையை உயர்த்தினாள். "சேர், கணக்கில நிரை எண்டா குறுக்க, நிரல் எண்டா மேலயிருந்து கீழ. இது எந்த நிரல்?"

நிரல் என்றால் பழைய தமிழில் ஒழுங்கு, வரிசை. கட்டளைகளை ஒழுங்காக அடுக்கியது என்பதால் கணினிக்கும் அந்தப் பெயர் வந்தது என்றேன். அவள் தன் திரையைப் பார்த்தாள். கட்டளைகள் ஒன்றன்கீழ் ஒன்றாக இறங்கி நின்றன.

"அப்ப ரெண்டும் ஒண்டுதான், சேர்" என்றாள்.