20,000 அடி உயரத்திலிருந்து ஒரு படகு எப்படித் தெரியும்?

கல்யாண மண்டபத்துக்கு மேலே ரீங்காரமிடும் டிரோனுக்கும் ஏவுகணை சுமக்கும் டிரோனுக்கும் பெயரைத் தவிர ஒற்றுமை குறைவு. முன்னது அரை மணி நேரத்தில் பேட்டரி தீர்ந்து இறங்கிவிடும். அமெரிக்காவின் எம்.க்யூ-9 ரீப்பர் ஒரு நாளுக்கு மேலும் வானிலேயே நிற்கும். இறக்கையின் வடிவம் இதற்கு ஒரு முக்கியக் காரணம். ஆரல்வாய்மொழிக் கணவாயில் சுழலும் காற்றாலைத் தகடுகளைப் போல, நீளம் அதிகம், அகலம் குறைவு. இறக்கை நுனியில் உண்டாகும் காற்றுச் சுழல் விமானத்தைப் பின்னுக்கு இழுக்கும். ஒல்லியான, நீண்ட இறக்கையில் அந்த இழுவை குறையும், எரிபொருளும் மிச்சமாகும்.

ஓட்டுபவர் அமெரிக்காவின் நெவாடா பாலைவனத்தில் அமர்ந்திருக்கலாம். பக்கத்தில் கேமராவை இயக்கும் இன்னொருவர். அவர்களது கட்டளை சுமார் 36,000 கிலோமீட்டர் உயரத்தில் நிற்கும் செயற்கைக்கோளுக்கு ஏறி, அங்கிருந்து டிரோனுக்கு இறங்க வேண்டும். ஒளியின் வேகத்தில் போனாலும் கால் நொடி கரைந்துவிடும். படம் திரும்பி வர இன்னொரு கால் நொடி. படத்தைச் சுருக்கி விரிக்கும் நேரம், தரைவழி இணைப்பு எல்லாம் சேர்ந்தால் தாமதம் ஒரு நொடியைத் தாண்டிவிடும். வடசேரிச் சாலையில் 40 கிலோமீட்டர் வேகத்தில் போகும் ஆட்டோ அந்த ஒரு நொடியில் 11 மீட்டர் நகர்ந்திருக்கும். ஓடுதளத்தில் இறக்கும்போது இந்தத் தாமதம் ஆபத்து என்பதால், புறப்படுவதையும் இறங்குவதையும் பெரும்பாலும் ஓடுதளத்துக்கு அருகிலிருக்கும் வேறொரு குழு நேரடி ரேடியோ மூலம் பார்த்துக்கொண்டது. நகரும் இலக்கின்மீது கேமராவைப் பிடித்து வைப்பது டிரோனுக்குள் இருக்கும் கணினியின் வேலை.

ஏவுகணை இலக்கைக் கண்டுபிடிக்கும் விதம் அழகானது. அதன் வேலையை நினைத்தால் அப்படிச் சொல்லவும் கூச்சமாக இருக்கிறது. டிரோனின் வயிற்றுப் பக்கம் தொங்கும் கேமரா உருண்டையிலிருந்து, கண்ணுக்குத் தெரியாத லேசர் ஒளி இலக்கின்மீது விழுகிறது. அது தொடர்ச்சியான ஒளி அல்ல. குறிப்பிட்ட இடைவெளியில் துடிக்கும் ஒளி. அந்தத் துடிப்பின் தாளம் ஏவுகணைக்கு முன்கூட்டியே சொல்லப்பட்டிருக்கும். வேறு தாளத்தில் துடிக்கும் லேசரை அது சட்டை செய்யாது. ஏவுகணையின் மூக்கில் நான்கு பகுதிகளாகப் பிரிந்த உணரி ஒன்று உண்டு. இலக்கில் பட்டுச் சிதறி வரும் ஒளி நான்கிலும் சமமாக விழுந்தால் ஏவுகணை நேராகப் போகிறது. இடப்பக்கம் கூடினால் இடப்பக்கம் திரும்புகிறது. ஏறத்தாழ 50 கிலோ எடையுள்ள ஹெல்ஃபயர் ஏவுகணை, நகரும் காரையே தாக்குவது இப்படித்தான். நடுவில் அடர்ந்த மேகம் வந்துவிட்டால் லேசர் செல்லாது. ஆடி மாத வானம் இதற்குப் பெரிய தொல்லை.

ஆகவே குறி பார்த்து அடிப்பது ஓரளவு தீர்ந்த கணக்கு. யாரை அடிக்கிறோம் என்பதுதான் தீராத கணக்கு.

இரவில் பயன்படும் அகச்சிவப்புக் கேமரா வெப்பத்தைப் பார்க்கிறது. அங்கே ஒரு மனிதர் இருக்கிறார் என்று சொல்லும். அவர் யார் என்று சொல்லாது. 2001 அக்டோபரில் ஆப்கானிஸ்தானில் ஆயுத டிரோனின் தாக்குதல்கள் தொடங்கின. 2002 நவம்பரில் ஏமனில் அல்-கொய்தா உறுப்பினர்கள் சென்ற கார் தாக்கப்பட்டது. பின்னர் பாகிஸ்தானின் பழங்குடிப் பகுதிகளில் இன்னொரு வழக்கமும் வந்தது: ஆளின் பெயர் தெரியாவிட்டாலும், நடமாட்டத்தின் போக்கை வைத்தே தாக்குவது. குமரி மாவட்டத்தின் தேங்காய்ப்பட்டணம் மீன்பிடித் துறைமுகத்தின் அதிகாலையை அந்தக் கேமராவில் நினைத்துப் பாருங்கள். இருட்டில் கூடும் ஆண்கள், கைமாறும் டீசல் கேன்கள், தூக்கி ஏற்றப்படும் கனத்த பெட்டிகள், ஒரே நேரத்தில் புறப்படும் படகுகள். ஐஸ் பெட்டி என்பது நமக்குத் தெரியும். திரையைப் பார்ப்பவருக்கு?

இது வெறும் கற்பனைக் கேள்வி அல்ல. 2021 ஆகஸ்ட் 29 அன்று காபூலில் ஒரு வெள்ளைக் காரை அமெரிக்கப் படை மணிக்கணக்கில் டிரோன் மூலம் தொடர்ந்து கண்காணித்துத் தாக்கியது. வெடிகுண்டு என்று நினைத்தவை தண்ணீர்க் கேன்கள். இறந்த 10 பேரில் 7 பேர் குழந்தைகள். சில வாரங்களில் ராணுவமே தவறை ஒப்புக்கொண்டது. ஏவுகணை குறி தவறவே இல்லை.

டிரோன் இல்லாமலும் இதே பிழை நம் மேற்குக் கடலில் நடந்திருக்கிறது. 2012 பிப்ரவரியில் கேரளக் கடற்கரைக்கு அப்பால், செயின்ட் ஆன்டனி என்ற விசைப்படகைக் கடற்கொள்ளையர் படகு என்று கருதி, எண்ணெய்க் கப்பலொன்றிலிருந்த இத்தாலியக் கடற்படை வீரர்கள் சுட்டார்கள். இறந்த இருவரில் ஒருவர் குமரி மாவட்ட இளைஞர். அங்கே செயற்கைக்கோள் தாமதம் இல்லை. கண்ணுக்கு எட்டிய தூரம்தான்.

உக்ரைன் போரில் இந்தச் சிக்கல் வேறு வடிவம் எடுத்திருக்கிறது. சிறிய டிரோன்களின் ரேடியோவை எதிரி முடக்குகிறான். மாற்றாக, கட்டளையைக் கொண்டுபோகும் மெல்லிய கண்ணாடி இழையைப் பல கிலோமீட்டர் அவிழ்த்துக்கொண்டே பறக்கும் டிரோன்கள் வந்தன. இணைப்பு அறுந்தாலும் கடைசிக் கட்டத்தில் படத்தைப் பார்த்துத் தானே இலக்கைப் பின்தொடரும் வகைகளும் வந்துவிட்டன. அதாவது, அடையாளம் காணும் பொறுப்பில் ஒரு பங்கு டிரோனுக்குள் இருக்கும் கணினிச் சில்லுக்குப் போகிறது.

அரக்கோணம் ராஜாளி கடற்படை விமானத் தளத்திலிருந்து, குத்தகைக்கு எடுத்த ஆயுதமில்லாத எம்.க்யூ-9பி டிரோன்களை இந்தியக் கடற்படை 2020 முதல் பறக்கவிட்டது. 2024 அக்டோபரில் அதே வகையில் 31 வாங்க ஒப்பந்தம் ஆனது, 15 கடற்படைக்கு. இவை ஆயுதம் ஏந்தக்கூடியவை. கடலுக்குமேல் இவற்றின் ரேடார் மேகத்தைத் துளைத்தும் படகைக் காட்டும். பெரிய கப்பல்கள் தம் பெயரையும் இருப்பிடத்தையும் தானியங்கிக் கருவி மூலம் அறிவித்துக்கொண்டே போகின்றன. வள்ளங்களுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. மீன்பிடிப் படகுகளுக்கு இஸ்ரோவின் தொழில்நுட்பத்தில் செயற்கைக்கோள் கருவி பொருத்தும் திட்டம் இப்போது நடக்கிறது. புயல் எச்சரிக்கைக்கும் ஆபத்து அழைப்புக்கும் வந்த அந்தக் கருவி, கரையிலிருப்பவர்களுக்குப் படகு எது என்றும் சொல்லிவிடும். அதைத் திரைக்கு முன்னால் இருப்பவர் வரை கொண்டுசேர்ப்பது தனி வேலை.