கவுண்டி நிறைவேற்றுத் தலைவர்: ‘மாவட்ட ஆட்சியர்’ என்பது ஏன் பொருந்தாது?

‘மேரிலாந்தில் மாவட்ட ஆட்சியர் தேர்தல்’ என்னும் தொடரை இணையச் செய்திகளில் மீண்டும் மீண்டும் காண நேர்கிறது. அமெரிக்காவின் மேரிலாந்து மாநிலத்தில் நான்கு ஆண்டுகளுக்கு ஒருமுறை, 2018, 2022, 2026 என ஆளுநர் தேர்தல் நடக்கும் அதே ஆண்டுகளில், மாநிலத்துக்கு அடுத்த ஆட்சி அலகான கவுண்டிகளின் அரசுத் தலைமைப் பதவிக்கும் மக்கள் வாக்களிக்கிறார்கள். ஆங்கிலத்தில் ‘கவுண்டி எக்ஸிக்யூட்டிவ்’ எனப்படும் அந்தப் பதவியைத்தான் ‘மாவட்ட ஆட்சியர்’ என்று எழுதுகிறார்கள். ஆட்சியர் என்பவர் யார் என்பது தமிழ்நாட்டில் மனு கொடுக்கச் சென்ற எவருக்கும் தெரியும். அவர் எந்தத் தேர்தலிலும் நின்று அந்த இருக்கைக்கு வந்தவர் அல்லர். ஆகவே, ‘ஆட்சியர் தேர்தல்’ என்ற தொடரில் முதற்சொல்லும் இரண்டாம் சொல்லும் ஒன்றையொன்று மறுத்து நிற்கின்றன.

‘கவுண்டி’ என்னும் சொல்லின் பிறப்பைச் சுருக்கமாகவே சொல்லிவிடலாம். இலத்தீனில் ‘கோமெஸ்’ என்றால் உடன் செல்பவன். உரோமப் பேரரசனின் உடன்கூட்டத்தில் இருந்தவனைக் குறித்த சொல், பின்னர் அவன் பெயரால் அதிகாரம் செலுத்தும் அலுவலனையும், அதன்பின் நிலப்பிரபுவையும் குறித்தது. பிரபுவின் ஆட்சிப் பரப்பைக் குறித்த பிரெஞ்சு வடிவம் 1066-இல் நார்மானியர் வெற்றிக்குப் பின் இங்கிலாந்துக்குள் புகுந்து, அங்கே முன்பே வழங்கிய ‘ஷயர்’ என்பதோடு சேர்ந்து வழங்கியது. ஷயரின் காரியக்காரர்தான் ஷெரிஃப். குடியேறிகள் கவுண்டி, ஷெரிஃப் என்னும் இரண்டு சொற்களையும் அமெரிக்காவுக்குக் கொண்டுசென்றார்கள். மேரிலாந்தின் முதல் கவுண்டியான செயின்ட் மேரீஸ் 1637-இலும், டென்மார்க் இளவரசர் ஒருவரின் பெயரைத் தாங்கிய பிரின்ஸ் ஜார்ஜஸ் 1696-இலும் அமைந்தன. 1776-இல் அமைந்த மான்ட்கமரி கவுண்டிக்கோ விடுதலைப் போரில் உயிர்நீத்த படைத்தலைவர் ரிச்சர்ட் மான்ட்கமரியின் பெயர் இடப்பட்டது. பிரபுக்கள் இல்லாத நாட்டில் பிரபுவின் சொல் மட்டும் நிலைத்துவிட்டது.

இன்று மேரிலாந்தில் 23 கவுண்டிகள் உள்ளன. பால்டிமோர் மாநகரம் எந்தக் கவுண்டியிலும் சேராமல் தனித்து நிற்கிறது. கவுண்டிகள் தமக்கென ஓர் ஆட்சிச் சாசனத்தை வகுத்துக்கொள்ள 1915-ஆம் ஆண்டின் அரசமைப்புத் திருத்தம் வழிசெய்தது. மான்ட்கமரி 1948-இல் சாசனம் பெற்றது. ஆனால் மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுத்த தலைவர் அங்கே முதன்முதலாக வந்தது 1970-ஆம் ஆண்டுத் தேர்தலில்தான். இன்று ஒன்பது கவுண்டிகளில் இத்தகைய தலைவர் இருக்கிறார். அவர் வரவுசெலவுத் திட்டத்தை முன்வைக்கிறார். கவுண்டி மன்றம் அதை விவாதித்து, திருத்தி, நிறைவேற்றுகிறது. மன்றம் இயற்றும் சட்டத்தை அவர் தடுக்கலாம்; போதிய பெரும்பான்மையோடு மன்றம் அந்தத் தடையை மீறலாம். இவருக்குக் கீழே, மன்றத்தின் ஒப்புதலோடு இவரால் நியமிக்கப்படும் தலைமை நிருவாக அலுவலர் ஒருவர் அன்றாடப் பணிகளைக் கவனிக்கிறார். நம் ஆட்சியரோடு ஓரளவேனும் ஒப்பிடத்தக்கவர் அந்த அலுவலரே. தேர்தலில் வென்றவரை ஆட்சியர் என்று முன்பே எழுதிவிட்ட மொழிபெயர்ப்பாளர், அந்த அலுவலர் செய்தியில் வரும்போது எந்தப் பெயரைச் சூட்டுவார்?

ஸ்பைரோ அக்னியூவின் வாழ்க்கைக் குறிப்பைத் தமிழில் எழுதிப் பார்த்தால் இந்தக் குழப்பம் தெளிவாகத் தெரியும். அவர் 1962-இல் பால்டிமோர் கவுண்டியின் தலைவராகவும், 1966-இல் மாநில ஆளுநராகவும், 1968-இல் நாட்டின் துணை அதிபராகவும் தேர்ந்தெடுக்கப்பட்டார். ‘மாவட்ட ஆட்சியராக இருந்து துணை அதிபரானவர்’ என்று எழுதினால், ஆட்சிப் பணி அதிகாரி ஒருவர் பதவியைத் துறந்து அரசியலுக்கு வந்தார் என்றே தமிழ் வாசகர் கொள்வார். உண்மையில் அவர் படிப்படியாக மக்களிடம் வாக்குக் கேட்டு ஏறியவர். பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட மக்கள் வாழும் மான்ட்கமரியில் மார்க் எல்ரிச், கவுண்டித் தலைவர் பதவிக்குத் தம் கட்சியின் வேட்பாளரைத் தீர்மானிக்கும் முதனிலைத் தேர்தலை 2018-இல் 77 வாக்குகளாலும், 2022-இல் மறு எண்ணிக்கைக்குப் பின் 32 வாக்குகளாலும் வென்றார். ஒவ்வொரு வாக்கையும் மறுபடி எண்ணிப் பெற்ற பதவியை, அரசாணையால் நிரப்பும் பதவியின் பெயரால் அழைப்பது அந்த வாக்காளர்களை வரியிலிருந்தே நீக்கிவிடுவதாகும்.

இதற்கு இரண்டு மறுப்புகள் சொல்லப்படுகின்றன. கவுண்டித் தலைவரும் சில நேரம் நியமிக்கப்படுகிறாரே என்பது ஒன்று. 2025 ஜனவரியில், பால்டிமோர் கவுண்டித் தலைவர் நாடாளுமன்றத்துக்குச் சென்றதால் ஏற்பட்ட வெற்றிடத்தைக் கவுண்டி மன்றமே ஒருவரை அமர்த்தி நிரப்பியது என்பது உண்மை. ஆனால் அதைச் செய்தது மக்கள் தேர்ந்தெடுத்த மன்றம். அதுவும் எஞ்சிய பதவிக்காலத்துக்கு மட்டுமே. பிரின்ஸ் ஜார்ஜஸ் கவுண்டியில் ஏற்பட்ட வெற்றிடத்துக்கு அதே ஆண்டில் தனித் தேர்தலே நடத்தினார்கள்.

இன்னொரு மறுப்பு கனமானது. இந்தியாவில் ஆளுநர் நியமிக்கப்படுபவர், அமெரிக்காவில் தேர்ந்தெடுக்கப்படுபவர். இருவரையும் ஆளுநர் என்றே எழுதுகிறோம், அதனால் யாரும் குழம்பவில்லை, ஆட்சியருக்கு மட்டும் என்ன தடை என்று கேட்கிறார்கள். ஆளுநர் விஷயத்தில் மூலமொழியிலேயே இரு பதவிகளுக்கும் ஒரே சொல்தான் வழங்குகிறது. தமிழ் அந்த ஒருமையை அப்படியே பின்பற்றுகிறது. கலெக்டர் என்பதும் கவுண்டித் தலைவரைக் குறிக்கும் சொல்லும் மூலத்தில் வெவ்வேறு சொற்கள், வெவ்வேறு வரலாறு உடையவை. மூலத்தில் பிரிந்து நிற்பவற்றைத் தமிழில் ஒட்டவைக்க நமக்கு எந்தத் தேவையும் இல்லை.

‘மாவட்டம்’ என்பதையும் நான் ஏற்கவில்லை. பரப்பளவில் அது பெரிய பிழையன்று என்பதை ஒப்புக்கொள்கிறேன். மாநிலத்துக்கு அடுத்த அலகு என்ற வகையில் பொருத்தமும் உண்டு. ஆயினும் மாவட்டம் என்ற சொல் தனக்குக் கீழே வட்டங்களை எதிர்பார்ப்பது. கவுண்டிக்குக் கீழே வட்டம் கிடையாது. அதைவிடப் பெரிய இடர் வேறு. மான்ட்கமரி மன்றத்தில் 2022 முதல் பதினொரு உறுப்பினர்கள். அவர்களில் எழுவர் தனித்தனித் தொகுதிகளிலிருந்தும், நால்வர் கவுண்டி முழுவதிலிருந்தும் தேர்ந்தெடுக்கப்படுகிறார்கள். அந்தத் தொகுதிகளுக்கு அங்கே வழங்கும் ‘டிஸ்ட்ரிக்ட்’ என்ற சொல்லையும் நம்மவர்கள் மாவட்டம் என்றே பெயர்க்கிறார்கள். அப்போது ஒரு மாவட்டத்துக்குள் ஏழு மாவட்டங்கள் தோன்றுகின்றன. எல்லையைத் தாண்டினால் கொலம்பியா மாவட்டம் எனப்படும் தலைநகரம் வேறு இருக்கிறது. வாக்காளர் தம் பெயர் எந்த மாவட்டத்தில் இருக்கிறது என்று தேடத் தொடங்கினால் எங்கே போய் நிற்பார்?

தனித்தமிழ் அன்பர்கள் சிலர் ‘கோட்டம்’ என்று எழுதுகிறார்கள். தொண்டை மண்டலம் இருபத்து நான்கு கோட்டங்களாகப் பிரிந்திருந்தது என்பதை எண்ணும்போது எனக்கும் அச்சொல்மீது ஆசை உண்டு. ஆனால் அது இன்று ஓய்ந்திருக்கும் சொல் அன்று. வருவாய்க் கோட்டம், ரயில்வே கோட்டம் என அன்றாட வழக்கில் உழைக்கிறது. ‘கோட்டாட்சியர்’ என்றாலோ ஆட்சியருக்குக் கீழுள்ள வருவாய் அதிகாரியையே குறிக்கும். ஒரு நியமனப் பதவியிலிருந்து தப்பி இன்னொன்றில் விழுவோம். ‘கூற்றம்’ என்ற சோழர் காலச் சொல் எமனையும் குறிப்பதால் தேர்தல் செய்திக்கு ஒவ்வாது. ‘நாடு’ இன்று தேசம் என்னும் பொருளில் உறுதிப்பட்டுவிட்டது. தூய்மையை நான் மதிக்கிறேன். ஆனால் பழஞ்சொல்லை எடுக்கும்போது அது இப்போது எங்கே குடியிருக்கிறது என்று பார்க்காமல் எடுப்பது தமிழுக்குச் செய்யும் தொண்டாகாது. அமெரிக்காவுக்கே உரிய ஓர் அமைப்பைக் ‘கவுண்டி’ என்று ஒலிபெயர்த்து எழுதுவதே இப்போதைக்குத் தெளிவு.

பதவிப் பெயருக்கோ நல்ல தமிழ் இருக்கிறது. இலங்கைத் தமிழர் 1978 முதல் ‘நிறைவேற்று அதிகாரமுள்ள ஜனாதிபதி’ என்று எழுதி வருகிறார்கள். சட்டம் இயற்றும் அதிகாரத்திலிருந்து அதைச் செயற்படுத்தும் அதிகாரத்தை ‘நிறைவேற்று’ என்ற அந்த ஒரு சொல் பிரித்துக் காட்டுகிறது. ஆகவே கவுண்டி நிறைவேற்றுத் தலைவர் என்பதே சரியான வடிவம். வெறுமனே ‘கவுண்டித் தலைவர்’ என்றால், மன்றத்துக்கும் தனித் தலைவர் இருப்பதால் செய்தியின் முதல் குறிப்பிலேனும் முழுப் பெயர் வேண்டும். ‘செயல் அலுவலர்’ என்பதோ பேரூராட்சிகளிலும் கோயில்களிலும் பணிபுரியும் அரசு அலுவலரின் பெயர், அதுவும் ஆகாது.

அகராதியில் முதலில் கிடைத்த சொல்லை எடுத்து ஒட்டும் பழக்கம் இந்த ஒரு பதவியோடு நிற்கவில்லை. மேரிலாந்தின் கரோல், கேரட் போன்ற கவுண்டிகளை மக்கள் தேர்ந்தெடுத்த குழுவினர் ஆள்கிறார்கள். அவர்களை ‘மாவட்ட ஆணையர்கள்’ என்று எழுதுவது மாநகராட்சி ஆணையரையும் காவல் ஆணையரையும் நினைவூட்டும். அவர்களைக் கவுண்டி ஆட்சிக்குழு உறுப்பினர்கள் எனலாம். 254 கவுண்டிகள் கொண்ட டெக்சாஸில் தலைமைப் பதவியின் பெயரே ‘கவுண்டி நீதிபதி’. அவர் தலைமை தாங்கும் ஆட்சிக்குழுவின் பெயரிலும் நீதிமன்றம் என்னும் சொல் உண்டு. ஆனால் ஹூஸ்டனை உள்ளடக்கிய ஹாரிஸ் போன்ற பெரிய கவுண்டிகளில் அவர் வழக்குகளை விசாரிப்பதில்லை. வரவுசெலவும் புயல்காலப் பேரிடர் நடவடிக்கையும்தான் அவர் வேலை. சிறு கவுண்டிகளில் ஓரளவு நீதித்துறைப் பணியும் அவரிடம் எஞ்சியிருப்பதால், ‘நிறைவேற்றுத் தலைவர்’ என்று அங்கே முற்றிலும் மாற்றிவிடவும் முடியாது. ‘மாவட்ட நீதிபதி தேர்தலில் வெற்றி’ என்று எழுதுவதற்குப் பதிலாக, ‘கவுண்டி நீதிபதி எனப்படும் கவுண்டி அரசின் தலைவர்’ என்று இன்னும் சில சொற்களைச் சேர்த்து எழுத வேண்டும்.