இரத்தம் வராத ‘இரத்தப்பெருக்கு’க் காய்ச்சல்

கொழும்பில் தென்மேற்குப் பருவமழை பிடித்துவிட்டால், டெங்கு வார்ட்டுகளில் தாதியர் முதல் பெரிய டொக்டர் வரை எல்லோரும் கேட்டுப் பழகிய ஒரு கேள்வி இருக்கிறது. “பிள்ளைக்கு ஒரு சொட்டு ரத்தமும் வரயில்லை, பிறகேன் ஹெமரேஜிக் எண்டு எழுதியிருக்கிறீங்க?” பக்கத்துக் கட்டிலில் முரசிலும் மூக்கிலும் இரத்தம் வந்து பயந்துபோய் வந்தவருக்கோ, டயக்னோசிஸ் கார்டில் ‘ஹெமரேஜிக்’ என்ற சொல் இல்லாமல் ‘டெங்குக் காய்ச்சல்’ என்று எழுதி வீட்டுக்கு அனுப்புவார்கள். இரண்டு கார்டுகளும் மாறிப்போகவில்லை. எழுதியது இரண்டுமே சரி.

இரத்தப்பெருக்கைக் குறிக்கும் ‘ஹெமரேஜிக்’ என்ற பெயரடை மருத்துவத்தில் பல இடங்களில் வரும். பெரும்பாலும் அதன் நேர்ப்பொருளில்தான் வரும். ‘ஹெமரேஜிக் ஸ்ட்ரோக்’ என்றால் மூளையில் குழாய் வெடித்து இரத்தம் கசிந்த பக்கவாதம். குழாய் அடைத்து வரும் பக்கவாதத்துக்கு அஸ்பிரின் கொடுக்கலாம், இதற்குக் கொடுத்தால் ஆபத்து. ஆகவே அங்கே அந்த ஒரு சொல் சிகிச்சையையே திருப்பிப் போடுகிறது. ‘ஹெமரேஜிக் ஷொக்’ என்றால் விபத்திலோ பிரசவத்திலோ இரத்தம் இழந்து அழுத்தம் விழுந்த நிலை. டெங்குவுக்கு வந்ததும் அதே சொல் வேறொன்றைச் சுட்டத் தொடங்குகிறது. ‘டெங்கு ஹெமரேஜிக் காய்ச்சல்’, வார்ட்டுப் பேச்சில் டி.எச்.எப்., என்பதை மற்ற டெங்குவிலிருந்து பிரிக்கும் அடையாளம் பிளாஸ்மாக் கசிவு, அதாவது இரத்தத்தின் திரவப் பகுதி குழாய்க்கு வெளியே போவது. இரத்தம் வெளியே வருவது அதில் இரண்டாம் பட்சம்.

இந்தப் பெயர் ஒட்டிக்கொண்டதற்கு வரலாறுதான் காரணம். 1953–54இல் மணிலாவிலும் 1958இல் பாங்கொக்கிலும், காய்ச்சலோடு தோலில் சிவப்புப் புள்ளிகளும் இரத்தக்கசிவும் ஷொக்குமாகச் சிறுவர்கள் பெருந்தொகையில் வைத்தியசாலைகளுக்கு வந்தார்கள். கண்ணுக்குத் தெரிந்தது இரத்தம், பெயரும் அதன்படியே அமைந்தது. தாய்லாந்துக் குழந்தை மருத்துவர் சுசித்ரா நிம்மன்னித்யாவும் அவரோடு வேலை செய்தவர்களும் பாங்கொக் சிறுவர் வைத்தியசாலையில் நோயாளர்களை நாள் நாளாகக் கவனித்து எழுதிய பிறகுதான், ஷொக்குக்கு மூலம் குழாயிலிருந்து வெளியேறும் பிளாஸ்மா என்பது தெளிவானது. உலக சுகாதார ஸ்தாபனத்தின் வரையறைக்கு அந்த அவதானிப்புகளே அடிப்படையாகின. அதற்குள் பெயர் ஊன்றிவிட்டது.

குழாய்க்குள் நடப்பது இதுதான். மயிர்த்துளைக் குழாய்களின் உட்சுவர் ஒரே அடுக்குக் கலங்களால் ஆனது. அதன்மேல் சீனிச்சத்தும் புரதமும் சேர்ந்த மெல்லிய பூச்சு ஒன்று உண்டு, பெயர் கிளைக்கோகேலிக்ஸ். வைரசு இரத்தத்தில் விடும் என்.எஸ்.1 புரதமும், உடலின் சொந்த எதிர்ப்பு வினையில் சுரக்கும் இரசாயனங்களும் இந்தப் பூச்சைக் குலைத்து, கலங்களுக்கு இடையிலான இணைப்பைத் தளர்த்துகின்றன. அந்த இடைவெளியால் தண்ணீரும் உப்பும் அல்புமின் என்ற இரத்தப் புரதமும் வெளியேறும். செங்குழியம் ஒன்றின் குறுக்களவு 7 முதல் 8 மைக்ரோமீட்டர், அல்புமின் மூலக்கூறு அதில் ஆயிரத்தில் ஒரு பங்களவுதான். அதனால் திரவம் போகும், செங்குழியம் உள்ளேயே நிற்கும். போகும் திரவம் பெரும்பாலும் நெஞ்சறையிலும் வயிற்றறையிலும் தேங்குகிறது. சுவர்க் கலங்கள் செத்துப்போவதில்லை என்பதால் 24 முதல் 48 மணித்தியாலத்தில் கசிவு தானாக நின்றுவிடும். டெங்கு சிகிச்சை முழுவதும், அந்த 48 மணித்தியாலத்தை நோயாளி உயிரோடு கடப்பதற்கான ஏற்பாடுதான்.

பிளாஸ்மா போய்ச் செங்குழியம் மிஞ்சினால் இரத்தம் தடிக்கும். வெயிலில் வைத்த சாம்பாரில் தண்ணீர் வற்றப் பருப்பு மிஞ்சுவது போலத்தான். அதை அளக்கும் எண், இரத்தத்தில் செங்குழியம் எத்தனை வீதம் என்று காட்டும் பி.சி.வி. சில ஆய்வுகூட ரிப்போட்களில் எச்.சி.டி. என்றும் ஹெமடோக்ரிட் என்றும் இருக்கும். நோயாளியின் வழமையான அளவிலிருந்து இது 20 வீதம் கூடினால் கசிவு உறுதி. இந்த 20 வீதத்தில்தான் பலர் தடுமாறுகிறார்கள். 40 இருந்தவருக்கு 60 ஆக வேண்டியதில்லை. 40இல் 20 வீதம் 8, ஆகவே 48 வந்தாலே போதும். பிள்ளைக்கு 35 என்றால் 42. இரத்தச்சோகை உள்ள ஒரு பெண்ணுக்கு வழமை 30 என்றால் 36 வரும்போதே அவர் முழுமையாகக் கசிந்துகொண்டிருக்கிறார். ஆனால் ரிப்போட்டில் 36 சாதாரண எண்ணாகத் தெரியும், பக்கத்தில் நட்சத்திரக் குறியும் விழாது. இதைத் தவறவிடுவது சுலபம், விளைவு பாரதூரமானது. காய்ச்சலின் முதல் மூன்று நாளுக்குள் எடுத்த பழைய ரிப்போட்டைத் தூக்கி எறியாமல் கொண்டுபோகச் சொல்வது இதற்காகத்தான், ஒப்பிட ஓர் அடிமட்டம் வேண்டும்.

சேலைன் ஏற்கெனவே ஏறிக்கொண்டிருந்தால் பி.சி.வி. 20 வீதம் உயராமலே கசிவு நடக்கலாம். அப்போது ஸ்கேன் உதவும். பித்தப்பைச் சுவர் தடித்திருப்பதும், வலப்பக்க நெஞ்சறையிலோ வயிற்றிலோ திரவம் தெரிவதும் சாட்சி. அல்புமின் டெசிலீற்றருக்கு 3.5 கிராமுக்குக் கீழே போயிருந்தால் அதுவும் சாட்சிதான்.

வீடுகளில் எல்லோர் வாயிலும் இருப்பது பிளேட்லெட், இரத்தம் உறைய உதவும் சிறுதட்டுகள். “கவுண்ட் எவ்வளவு?” என்பதுதான் தொலைபேசியில் முதல் கேள்வி. வழமையான அளவு 150,000 முதல் 450,000. 100,000க்குக் கீழே இறங்குவது முக்கியமான செய்தி, ஏனென்றால் கசிவு தொடங்கும் நேரத்தை அது ஓரளவு காட்டித்தருகிறது. அப்போது வார்ட்டில் இருக்கவேண்டும். அதற்குப் பிறகு 40,000ஆ 18,000ஆ என்று ஒவ்வொரு ரிப்போட்டுக்கும் நெஞ்சிடிப்பதில் பயன் குறைவு. இரத்தம் வராத நோயாளிக்கு முன்னெச்சரிக்கையாகப் பிளேட்லெட் ஏற்றினால் இரத்தக்கசிவு குறையுமா என்று சிங்கப்பூரிலும் மலேசியாவிலும் 20,000உம் அதற்குக் குறைவும் உள்ள பெரியவர்களிடம் சோதித்தார்கள். 2017இல் வெளியான முடிவு: குறையவில்லை. பப்பாசி இலைச் சாறு பற்றிக் கேட்பவர்களுக்கும் இதையே சொல்லலாம். ஆளைக் கொல்வது கசிவு, அந்தச் சாறு குழாய்ச் சுவரை அடைக்கும் என்பதற்கு ஆதாரம் கிடையாது. கசப்பில் வாந்தி வந்து குடித்த செவ்விளநீரும் சேர்ந்து போவதுதான் மிச்சம்.

வரையறைப்படி டி.எச்.எப். என்று சொல்ல நான்கு வேண்டும்: 2 முதல் 7 நாள் காய்ச்சல், 100,000க்கு மேற்படாத பிளேட்லெட், கசிவுக்கான சான்று, இரத்தக்கசிவுத் தன்மைக்கு ஏதாவது ஓர் அடையாளம். கடைசியாகச் சொன்ன அடையாளத்துக்கு மூக்கால் இரத்தம் வரவேண்டியதில்லை, டோர்னிக்கே சோதனை போதும். பிரஷர் பட்டியைக் கையில் கட்டி, மேல் அழுத்தத்துக்கும் கீழ் அழுத்தத்துக்கும் நடு அளவில், அதாவது 120/80 என்றால் 100இல், 5 நிமிடம் நிறுத்தி வைப்பார்கள். அவிழ்த்துச் சிறிது பொறுத்து, முழங்கை மடிப்புக்குக் கீழே ஒரு சதுர அங்குலத்தில் 10 அல்லது அதற்கு மேல் சிவப்புப் புள்ளிகள் இருந்தால் பொசிட்டிவ். இந்தச் சோதனை மட்டும் பொசிட்டிவாகி வேறெங்கும் இரத்தம் வராதவர் முதலாம் தர டி.எச்.எப். தானாக இரத்தம் வந்தால் இரண்டாம் தரம். நாடியழுத்தம், அதாவது மேல் அழுத்தத்துக்கும் கீழ் அழுத்தத்துக்கும் உள்ள இடைவெளி, ஒடுங்கினால் மூன்று, நாடியே பிடிபடாவிட்டால் நான்கு. கசிவில்லாமல் மூக்கிலும் முரசிலும் இரத்தம் வருபவர் இந்த நான்கு தரத்துக்குள்ளும் வரமாட்டார். அவருக்கு ‘இரத்தக்கசிவுடன் கூடிய டெங்குக் காய்ச்சல்’ என்று தனிப் பெயர். என்.எஸ்.1 பொசிட்டிவ் என்பதோ டெங்கு என்று மட்டும்தான் சொல்லும், எந்த வகை என்று சொல்லாது.

மூன்றாம் தரத்தைக் கொஞ்சம் நின்று பார்க்கவேண்டும். பிரஷர் 100/80 என்று வந்தால் வீட்டார் “நல்லாத்தானே இருக்கு” என்பார்கள். இடைவெளி 20 மட்டும். குழாயில் அளவு குறையும்போது உடல் கைகால்களின் நாளங்களை இறுக்கிக் கீழ் அழுத்தத்தை ஏற்றுகிறது, மேல் அழுத்தம் கடைசி வரை தாக்குப்பிடிக்கும். ஆகவே இடைவெளி 20க்கு ஒடுங்கினாலே அது ஷொக். நோயாளி தெளிவாகப் பேசிக்கொண்டிருப்பார், கைகால் மட்டும் குளிர்ந்து வேர்த்திருக்கும். சிறுநீர் குறைந்திருக்கும். காய்ச்சலும் அப்போது விட்டிருக்கும், ஏனென்றால் கசிவு பெரும்பாலும் காய்ச்சல் இறங்கும் வேளையில், 3ஆம் நாளுக்கும் 6ஆம் நாளுக்கும் இடையில் தொடங்குகிறது. காய்ச்சல் விட்டது என்று வேலைக்குப் போய், அலுவலகத்தில் சரிந்து விழுபவர்களின் கதை இதுதான்.

சிகிச்சை என்பது கணக்கு. சுகாதார அமைச்சின் தேசிய வழிகாட்டி கசிவுக் காலத்துக்கு ஒரு திரவப் பங்கை வகுத்திருக்கிறது. முதல் 10 கிலோ எடைக்கு கிலோவுக்கு 100 மி.லீ., அடுத்த 10 கிலோவுக்கு 50 மி.லீ., மிச்சத்துக்கு 20 மி.லீ. இதோடு எடையில் 5 வீதம், அதாவது கிலோவுக்கு 50 மி.லீ. சேர்க்கவேண்டும். பெரியவர்களுக்கு 50 கிலோவோடு கணக்கு நிற்கும்: 1000, 500, 600, கூட 2500. மொத்தம் 4600 மி.லீ., அதுவும் 48 மணித்தியாலத்துக்கு. வாயால் குடிப்பதும் இதற்குள் அடக்கம். இதைச் சமமாகப் பிரித்து ஏற்றுவதில்லை. கசிவின் தொடக்கத்தில் குறைவு, உச்சத்தில் கூடுதல், முடிவில் மறுபடி குறைவு. சிறுநீர் மணித்தியாலத்துக்கு கிலோவுக்கு 0.5 மி.லீ. அளவில் போய்க்கொண்டிருந்தால் போதும். அள்ளி ஊற்றினால் அந்தத் திரவமும் நெஞ்சறைக்கே போய்ச் சேரும். கசிவு நின்றதும் வெளியே தேங்கியது எல்லாம் குழாய்க்குத் திரும்பி வரும்போது நுரையீரல் நிறைந்து மூச்சு முட்டும். “சேலைனைக் கொஞ்சம் வேகமா விடுங்கோ” என்று தாதியிடம் மன்றாடுபவர்களுக்கு இது தெரிவதில்லை.

இரத்தப்பெருக்கு என்ற சொல் தன் சொந்தப் பொருளுக்குத் திரும்பும் ஓர் இடமும் உண்டு. ஷொக் நீண்டால் ஈரலும் குடலும் பழுதுபட்டு, உறைதல் குலைந்து, குடலுக்குள் இரத்தம் பெருகத் தொடங்கும். வெளியே எதுவும் தெரியாது. பி.சி.வி. மட்டும் இறங்கும். இதே இறக்கம் கசிவு நின்று திரவம் திரும்பும்போதும் வரும் என்பதுதான் சிக்கல். நோயாளி பசிக்கிறது என்று சொல்லி, சிறுநீர் தாராளமாகப் போய், நாடி அமைதியாக இருந்தால் அது குணமாகும் இறக்கம். நாடி ஓடி, அழுத்தம் நிலைகொள்ளாமல், முகம் வெளிறிப் போனால் உள்ளே இரத்தம் போகிறது. அப்போது இரத்தமே ஏற்றவேண்டும், சேலைன் ஈடாகாது. செங்குழியம் மட்டுமாகக் கொடுத்தால் கிலோவுக்கு 5 மி.லீ., முழு இரத்தமென்றால் 10 மி.லீ.

இந்த உள்ளிரத்தத்தை வீட்டிலேயே வரவழைக்கும் வேலை ஒன்று நம்மவரிடம் உண்டு. காய்ச்சல் விடவில்லை என்று டைக்குளோஃபெனக் குளிசையைப் பின்பக்கமாக வைப்பது, மெஃபெனமிக் அசிட் வாங்கிப் போடுவது, புரூஃபென் கொடுப்பது. இவை இரைப்பைச் சுவரைப் புண்ணாக்கும், மிச்சமிருக்கும் பிளேட்லெட்டையும் வேலை செய்யவிடாது. டெங்கு சந்தேகம் என்றால் பனடோல் மட்டும்: பெரியவர்களுக்கு 6 மணித்தியாலத்துக்கு 2 மாத்திரைக்கு மேல் இல்லை, எடை குறைந்தவர்களுக்கு இன்னும் குறைவு. இருதய நோய்க்காக அஸ்பிரின், குளோபிடோக்ரெல் எடுப்பவர்கள் உடனே டொக்டரிடம் சொல்லவேண்டும். பெரியவர் ஒருவர் நாளொன்றுக்கு 2500 மி.லீ. அளவில் ஜீவனி (உப்பும் சீனியும் சேர்ந்த கரைசல்), செவ்விளநீர், கஞ்சி, சூப், பழச்சாறு குடிக்கலாம். வெறும் தண்ணீர் மட்டும் போதாது. நெல்லிச்சாறு, தோடஞ்சாறு சரி. பீட்ரூட், மாதுளை, சிவப்பு நிறப் பானம், மைலோ, சொக்லேட் வேண்டாம். வாந்தி எடுத்தால் அது இரத்தமா பானமா என்று வார்ட்டில் யாராலும் சொல்லமுடியாது.

2009இல் உலக சுகாதார ஸ்தாபனம் இந்தப் பெயரடையைக் கைவிட்டு ‘கடுமையான டெங்கு’ என்று மாற்றியது. தென்கிழக்காசியப் பிராந்தியத்தின் 2011 வழிகாட்டியும் இலங்கையும் டி.எச்.எப். என்பதை விடவில்லை. இங்கே அது கசிவின் முத்திரை: அதை எழுதிய நிமிடத்திலிருந்து மணிக்கூடு ஓடுகிறது, 48 மணித்தியாலத்துக்கான கண்காணிப்பு அட்டவணை கட்டிலில் தொங்குகிறது. பெயர் பிழையாக இருந்தாலும் வேலை நடக்கிறது. அதை மாற்றப்போய் அட்டவணையை இழப்பதைவிட இதுவே மேல் என்பது எங்கள் பக்கம்.

காய்ச்சல் விட்டு 24 மணித்தியாலத்துக்கு மேலாகி, பிளேட்லெட் 50,000ஐத் தாண்டி ஏறுமுகமாக, பி.சி.வி. பழைய அளவுக்கு வந்தால் வீட்டுக்கு விடுவார்கள். உள்ளங்கையும் காலும் ஓரிரு நாள் கடுமையாக அரிக்கும், சிவந்த தோலில் வெள்ளைத் திட்டுகள் தெரியும். அது குணமாவதன் குறி, மருந்து தேவையில்லை. டயக்னோசிஸ் கார்டில் கடைசி நாள் பி.சி.வி. எழுதியிருக்கிறதா என்று மட்டும் பார்த்து வாங்கிக்கொள்ளுங்கள். டெங்கு வைரசில் நான்கு வகை, ஒன்று வந்தால் அந்த ஒன்றுக்கே நீடித்த எதிர்ப்பு. இரண்டாம் முறை வேறு வகை வரும்போது கசிவுக்கான வாய்ப்புக் கூடும். அன்று உங்கள் வழமை 38ஆ 31ஆ என்று டொக்டர் கேட்டால் எடுத்துக் காட்ட அந்தக் கார்ட் இருக்கவேண்டும்.